ஒன்றையொன்று தள்ளும் கோல்கள்

1637இல் லெய்டன் நகரில் வெளியான ரெனே தெகார்த்தின் வடிவியல் நூலில் ஒரு கருவியின் படம் உண்டு. ஒரு முனையில் கீல் போட்ட இரண்டு நீண்ட கோல்கள். அவற்றின்மேல் செங்குத்தாக நிற்கும் சிறு கோல்கள். நீண்ட கோல்களை விரிக்க விரிக்க, முதல் சிறுகோல் அடுத்ததைத் தள்ளும். அது தனக்கு அடுத்ததைத் தள்ளும். நீண்ட கோலில் நிலையாகப் பொருத்திய முதல் புள்ளி வட்டம் வரையும். பின்வரும் புள்ளிகள் மேலும் மேலும் சிக்கலான வளைவுகளை வரையும். தச்சுப் பட்டறையில் கிடக்கவேண்டியது போன்ற இந்தப் பொருளை அக்காலத்து மெய்யியலின் மிக அழகிய வாதமாகவே நான் பார்க்கிறேன். தெளிவான ஒன்றிலிருந்து இடைவெளியின்றி அடுத்ததற்குப் போவதே அறிவு என்ற அவருடைய கொள்கை இங்கே மரத்தில் அசைகிறது.

அந்த நூலில் உண்மையான வேலையைச் செய்தது இயற்கணிதம்தானே, கருவி வெறும் விளக்கப்படம்தானே என்று கேட்கலாம். ஆனால் சுருள்கோட்டைத் தம் வடிவியலிலிருந்து அவர் ஏன் விலக்கினார் என்பதற்கான காரணம் இயக்கத்தில் இருக்கிறது: அதை வரையத் தனித்தனியான இரண்டு அசைவுகள் வேண்டும், அவற்றின் விகிதத்தைத் துல்லியமாக அறிய முடியாது என்றார். நேர்கோட்டுக்கும் வளைகோட்டுக்குமான விகிதம் மனித அறிவுக்கு எட்டாதது என்றும் எழுதினார். அதில் அவர் தவறினார். ஒரு வளைவின் நீளத்தை ஹென்ட்ரிக் வான் ஹூரேட் துல்லியமாகக் கண்டார். அந்த மறுப்பு 1659இல், அதே நூலின் லத்தீன் பதிப்புக்குள்ளேயே அச்சானது.