ஒலிப்பதிவுக் கூடமும் திரைப்பாடல் திறனாய்வும்

திரைப்பாடல் ஆய்வுகள் பெரும்பாலும் அச்சிட்ட வரிகளையே மூலபாடமாகக் கொள்கின்றன. பாடல் உருப்பெற்ற ஒலிப்பதிவுக் கூடத்தைக் கருதுவதில்லை. சென்னைப் பிரசாத் கூடத்தில் இளையராஜா 30 ஆண்டுகளுக்கும் மேலாக இசையமைத்தார். தொடக்கக்காலத்தில் பாடகரும் இசைக்குழுவும் ஒருங்கே இசைத்தனர். ஒருவர் பிழைத்தால் அனைவரும் மீண்டும் இசைத்தாக வேண்டும். ஆதலின் வரியும் மெட்டும் முன்பே உறுதிப்பட்டன. ஏ.ஆர். ரகுமான் 1989இல் தம் இல்லத்தில் அமைத்த பஞ்சதன் கூடத்திலோ குரலும் கருவியும் தனித்தனியே பதிவாகிப் பின்னர் இணைந்தன. 'ரோஜா' (1992) பாடல்கள் அங்கு உருவானவை. இவ்விரு மரபுகளையும் ஒரே அளவுகோலால் மதிப்பிடுதல் பொருந்தாது. 2020 டிசம்பரில் இளையராஜா பிரசாத் கூடத்தைவிட்டு வெளியேறினார். கூடம் கைமாறும்போது இசைக்குறிப்புகளும் கலைஞர்தம் நினைவுகளும் சிதறக்கூடும். அவற்றைத் தொகுத்தல் சுவடி தேடலுக்கு நிகரான தமிழாய்வுப் பணியாகும்.