கான்பெராவின் ஏழாம் எண்

ஆஸ்திரேலிய ரக்பி லீக்கில் ஒரு பழக்கம் உண்டு. அணி சறுக்கத் தொடங்கினால் கிளப் நிர்வாகம் தன் பழைய நட்சத்திரங்களில் ஒருவரைப் பயிற்சியாளர் நாற்காலியில் உட்கார வைத்துவிடும். இந்தப் பழக்கத்தில் ஊறிப்போன கிளப் கான்பெரா ரெய்டர்ஸ். 1989, 1990, 1994 என்று மூன்று பட்டம் வென்ற அந்தத் தலைமுறையை அது இன்னும் விட்டபாடில்லை. அந்த அணிக்குத் தலைவராக இருந்த மால் மெனிங்கா 1997 முதல் 2001 வரை பயிற்சியாளர். 1994 இறுதிப் போட்டியின் சிறந்த ஆட்டக்காரர் டேவிட் ஃபர்னர் 2009இல் வந்தார், 2013இல் வெளியேற்றப்பட்டார். 2014இல் வந்தவர் ரிக்கி ஸ்டூவர்ட். மற்ற இருவரைவிட அவர் நீண்டகாலம் நிலைத்துவிட்டதால், இந்தப் பழக்கத்தின் பலனையும் சேதத்தையும் அவரை வைத்தே பார்த்துவிடலாம்.

ரக்பி என்றதும் 15 பேர் ஆடும் யூனியனை நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: லீக்கில் 13 பேர். பந்து கையில் உள்ள அணியை ஆறு முறை மடக்கிப் பிடித்துவிட்டால் பந்து எதிரணிக்குப் போய்விடும். அந்த ஆறு வாய்ப்பையும் எங்கே, எப்படிச் செலவழிப்பது என்று முடிவெடுப்பவர் ஏழாம் எண் சட்டை போட்ட ஹாஃப்பேக். கான்பெராவை ஒட்டிய குயின்பியனைச் சேர்ந்த ஸ்டூவர்ட் 1987இல் ஆஸ்திரேலிய யூனியன் அணியுடன் அர்ஜென்டினா போய்வந்து, 1988இல் லீக்குக்கு மாறினார். மைதானத்தின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம்வரை சுழன்று பறக்கும் அவருடைய நீண்ட பாஸ் எதிரணியின் தடுப்பு வரிசையைக் கிழித்துவிடும். 1990 இறுதிப் போட்டியில் சிறந்த ஆட்டக்காரருக்கான கிளைவ் சர்ச்சில் பதக்கமும், 1993இல் ஆண்டின் சிறந்த வீரருக்கான டேலி எம் பதக்கமும் பெற்றார். அதே 1993இல் பரமாட்டாவை 68-0 என்று நொறுக்கிய ஆட்டத்தில் அவருடைய கணுக்கால் முறிந்தது. பட்டத்துக்குத் தயாராக இருந்த கான்பெரா அவர் இல்லாமல் இறுதிச் சுற்றுகளில் உதிர்ந்துபோனது. ஓர் அணி ஒரே ஆளை நம்பி நின்றால் என்ன ஆகும் என்பதற்கு அதைவிடத் தெளிவான சாட்சி கிடைக்காது. அந்த ஆளே பின்னாளில் பயிற்சியாளர் ஆனபோது இதிலிருந்து பாடம் படித்தாரா என்பதுதான் என் சந்தேகம்.

பயிற்சியாளராகத் தொடக்கம் அமர்க்களம். 2002இல், 35 வயதில், முதல் ஆண்டிலேயே சிட்னி ரூஸ்டர்ஸுக்குப் பட்டம். நியூசிலாந்து வாரியர்ஸை 30-8 என்று வென்றார்கள். ஆனால் அது 2000த்திலேயே இறுதிப் போட்டிவரை வந்த அணி, தலைவர் பிராட் ஃபிட்லர். பொங்கித் தயாராக இருந்த பானையை இறக்கிவைத்தவர் என்று சொன்னால் கொஞ்சம் அநியாயம். முற்றிலும் அநியாயம் இல்லை. 2003, 2004 இறுதிப் போட்டிகள் இரண்டிலும் தோல்வி. 2005இல், குயின்ஸ்லாந்துடன் ஆண்டுதோறும் மோதும் ஸ்டேட் ஆஃப் ஆரிஜின் தொடரை நியூ சவுத் வேல்ஸுக்கு வென்று கொடுத்தார். அவ்வளவுதான், 2002க்குப் பின் 2025 வரை ஆஸ்திரேலிய லீக்கில் அவருக்கு இன்னொரு கிளப் பட்டம் வாய்க்கவில்லை.

இடையில் அவருடைய கோபம் ஒரு தனி வரலாறு. 2008 உலகக் கோப்பை இறுதிப் போட்டியில் அவர் பயிற்றுவித்த ஆஸ்திரேலியா நியூசிலாந்திடம் 34-20 என்று தோற்றது. மறுநாள் விடுதியில் நடுவரிடம் சண்டைக்குப் போன விவகாரத்தில் தேசிய அணிப் பொறுப்பே கைவிட்டுப் போனது. 2013இல் பரமாட்டாவின் பயிற்சியாளராக, அடுத்த ஆண்டு தேவைப்படாத 12 பேரின் பெயரை வீரர்கள் கூட்டத்திலேயே திரையில் போட்டுக் காட்டியது இன்றும் பேசப்படுகிறது. அந்தப் பருவத்தில் அணி கடைசி இடம். மூன்றாண்டு ஒப்பந்தத்தில் ஒரே ஆண்டு இருந்துவிட்டு, அவரே கான்பெராவுக்குக் கிளம்பிவிட்டார். 2022இல் எதிரணி வீரர் ஒருவரைப் பத்திரிகையாளர் சந்திப்பில் இழிவாகப் பேசியதற்கு 25,000 டாலர் அபராதமும் ஒரு வாரத் தடையும் வந்தன. வீரர்களுக்காகக் கொதிக்கிறார் என்று ரசிகர்கள் மெச்சுவார்கள். எனக்கு அது பாதிதான் சரியென்று படுகிறது. அந்த 12 பேரும் வீரர்கள்தானே?

இனி, கான்பெராவில் அவர் செய்த நல்லதைக் குறைத்துப் பேச முடியாது. 2014இல் வந்தபோது அந்தக் குளிர் நகரத்துக்கு வர நட்சத்திரங்கள் யாரும் தயாராக இல்லை. ஜேம்ஸ் டெடெஸ்கோ வருவதாக ஒப்புக்கொண்டு பின்வாங்கினார். வேறு சிலரும் கையை விரித்தார்கள். ஸ்டூவர்ட் பார்வையை இங்கிலாந்து பக்கம் திருப்பினார். குளிருக்குப் பழகிய ஊர்க்காரர்கள், அங்கே சம்பளமும் குறைவு. ஜோஷ் ஹாட்ஜ்சன், எலியட் வைட்ஹெட், ஜான் பேட்மன் என்று ஒவ்வொருவராக வந்தார்கள். யாரும் வர விரும்பாத ஊர் என்ற அவப்பெயரையே ஆள்சேர்ப்புத் தந்திரமாக மாற்றிய இந்த யோசனையை அவருடைய வாழ்நாளின் சிறந்த வேலை என்பேன், 2002 பட்டத்தைவிடவும். 2019இல் மெல்போர்னை அவர்கள் மண்ணிலேயே 12-10 என்று வென்று, அடுத்த சுற்றையும் தாண்டி, 1994க்குப் பின் முதல் முறையாக கான்பெரா இறுதிப் போட்டிக்குள் நுழைந்தது. அங்கே ரூஸ்டர்ஸுக்கு எதிராக ஸ்கோர் 8-8 என்று இருந்தபோது, கான்பெராவுக்கு மறுபடி ஆறு வாய்ப்பு என்று கையசைத்த நடுவர் அடுத்த கணமே மனத்தை மாற்றிக்கொண்டார். பந்து ரூஸ்டர்ஸிடம் போனது, கோட்டைத் தாண்டியவர் வேறு யாருமல்ல, டெடெஸ்கோ. 14-8. அந்தத் தோல்விக்குப் பயிற்சியாளரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை.

குறை வேறு இடத்தில் இருக்கிறது. 2014 முதல் 2025 வரை 12 பருவங்கள்; அதில் இறுதிச் சுற்றுகளுக்குத் தகுதி பெற்றது 6 முறை. ஓராண்டு ஏற்றம், மறு ஆண்டு இறக்கம். 2021இல் நியூசிலாந்து வாரியர்ஸுக்கு எதிராக 31-10 என்று முன்னிலை பெற்றுவிட்டு 34-31 என்று தோற்ற ஆட்டம் இதற்கு நல்ல உதாரணம். களத்தில் அணி பதறும்போது நிதானம் கொண்டுவர ஒரு முறை வேண்டும். ஆளுக்கு ஆள் மாறாத முறை. ஹாஃப்பேக்காக ஆடியபோது ஸ்டூவர்ட்டுக்கு அது தேவைப்படவில்லை. ஒரு பாஸ் தவறினால் அடுத்த பாஸில் அவரே சரிசெய்துவிடுவார். இப்போதோ மேல்தளத்துக் கண்ணாடி அறையில் உட்கார்ந்து, மைதானத்துக்குள் ஓடிப்போய்ச் சேதி சொல்லும் உதவியாளர் வழியாகத்தான் எதையும் செய்ய வேண்டும். தொலைக்காட்சி அந்த அறையைக் காட்டும்போதெல்லாம், கீழே இறங்கி ஆடத் துடிக்கும் முகம்தான் தெரிகிறது.

அதே கான்பெராவில் எந்த இடத்தில் ஆடச் சொன்னாலும் ஆடிய கிரெய்க் பெல்லமி என்றொருவர் இருந்தார். பெரிய பெயர் இல்லை. பிரிஸ்பேனில் வெய்ன் பென்னட்டிடம் உதவிப் பயிற்சியாளராக இருந்து தொழில் கற்று, 2003 முதல் மெல்போர்ன் ஸ்டார்மை நடத்துகிறார். 2012, 2017, 2020இல் பட்டம். (2007, 2009 பட்டங்கள் சம்பள உச்சவரம்பை மீறியதற்காகப் பறிக்கப்பட்டன, அதையும் மறக்கக் கூடாது.) அவருக்கு உதவியாளராக இருந்தவர்கள் பல அணிகளுக்குத் தலைமைப் பயிற்சியாளர்களாகப் போனார்கள். அவர்களில் மைக்கேல் மகுவயரும் கான்பெராவுக்குச் சில போட்டிகளே ஆடியவர். 2014இல் சவுத் சிட்னிக்குப் பட்டம் வாங்கித் தந்தார். இயல்பாக ஆட வராதவர்கள் ஒவ்வொரு அசைவையும் யோசித்துக் கற்க வேண்டியிருந்தது. அதனால் அதை மற்றவருக்குச் சொல்லிக்கொடுக்கவும் தெரிந்தது என்று நினைக்கிறேன்.

இதை விதியாக்கிவிட முடியாது. மெனிங்கா கிளப்பில் சோபிக்கவில்லை. ஆனால் குயின்ஸ்லாந்துப் பயிற்சியாளராக 2006 முதல் 2015 வரை பத்து ஆரிஜின் தொடர்களில் ஒன்பதை வென்றார். மூன்றே ஆட்டங்கள், தேர்ந்த வீரர்கள், பாடம் நடத்த நேரமில்லை. அங்கே மரியாதையும் வேகமும் போதும். அப்படியானால் அதே கான்பெரா அணியின் லாரி டேலி நியூ சவுத் வேல்ஸுடன் 2013 முதல் 2017 வரை ஒரே ஒரு தொடரை வென்றது ஏன்? எதிரே அசாதாரணமான குயின்ஸ்லாந்துத் தலைமுறை நின்றது என்பதைத் தவிர எனக்கு நல்ல விடை தெரியவில்லை.

2025இல் ஸ்டூவர்ட் மாறியிருப்பதற்கு அடையாளம் தெரிந்தது. நட்சத்திர ஆட்டக்காரர் ஜாக் வைட்டன் போன பின் ஈதன் ஸ்ட்ரேஞ்ச், கேயோ வீக்ஸ் போன்ற இளைஞர்களைப் பொறுமையாக வளர்த்தார்; 1990க்குப் பின் முதல் முறையாக கான்பெரா புள்ளிப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. ஆனால் இறுதிச் சுற்றுகளின் முதல் ஆட்டத்தில் பிரிஸ்பேன் கூடுதல் நேரத்தில் 29-28 என்று வென்றது. அந்த அணியின் பயிற்சியாளர், முன்பு கான்பெராவில் ஸ்டூவர்ட்டுக்கே உதவியாளராக இருந்த மகுவயர். மறுவாரம் குரோனுல்லாவிடம் 32-12 என்று தோல்வி. பட்டம் பிரிஸ்பேனுக்குப் போனது. அந்தப் பருவத்தோடு ஹாஃப்பேக் ஜமால் ஃபோகார்டி மான்லிக்குக் கிளம்பினார். ஏழாம் எண் சட்டைக்கு இன்னொருவரைத் தயார்செய்யும் வேலை, அந்தச் சட்டையை எல்லோரையும்விட நன்றாக அறிந்தவரின் தலையில் விழுந்தது.