பச்சைக் காகிதம்

கோமாளியைப் பற்றி எழுத நேர்ந்தால் நம் விமர்சகர்கள் இரண்டில் ஒன்றைச் செய்வார்கள். குழந்தைகள் சமாசாரம் என்று ஒதுக்குவார்கள். அல்லது கலகக்காரன் என்று பீடத்தில் ஏற்றுவார்கள். அமெரிக்க டெலிவிஷனின் ஆரம்ப காலக் கோமாளிகளில் ஒருவரான ஸூப்பி ஸேல்ஸுக்கு (1926–2009) இரண்டுமே பொருந்தாது.

1953-ல் டெட்ராய்டில், குழந்தைகள் மதியச் சாப்பாட்டுக்கு உட்காரும் நேரத்து நிகழ்ச்சியாக அவர் ஆரம்பித்தார். நசுங்கிய தொப்பி, புள்ளி போட்ட பெரிய போ-டை. மாவு ஓட்டில் க்ரீம் நிரப்பிய பண்டத்தை முகத்தில் வாங்கிக்கொள்வது அவருடைய முத்திரை. க்ரீம் என்றால் ஷேவிங் க்ரீம்.

ஹௌடி டூடி நிகழ்ச்சியில் குழந்தைகள் அரங்கத்திலேயே உட்கார்ந்திருந்தார்கள். ஸேல்ஸிடம் அந்தக் கூட்டம் இல்லை. காதில் விழுவது காமிராவுக்குப் பின்னால் வேலை செய்கிறவர்களின் சிரிப்பு. ஒயிட் ஃபாங் என்ற நாய், ரோமம் அடர்ந்த ஒரு பெரிய முன்னங்கால் மட்டும்தான். மிச்ச நாயைக் குழந்தை தானே உண்டாக்கிக்கொள்ள வேண்டும். வீட்டில் பெட்டிக்கு முன் இருக்கும் குழந்தையிடம் நேராகப் பேசி, இந்த விளையாட்டில் அதைக் கூட்டாளியாக்கினார்.

1965 ஜனவரி 1. நியூயார்க்கில் டபிள்யூ.என்.இ.டபிள்யூ. நிலையம். புதுவருஷ விடுமுறையிலும் வேலைக்கு வரவேண்டியிருந்தது. நிகழ்ச்சியின் முடிவில் குழந்தைகளிடம் ஒரு யோசனை சொன்னார்: அப்பா தூங்கிக்கொண்டிருக்கிறார், ஓசைப்படாமல் போய் அவர் கால்சட்டைப் பையில் படம் போட்ட பச்சைக் காகிதங்கள் இருந்தால் எடுத்து எனக்கு அனுப்புங்கள், பதிலுக்கு போர்ட்டோ ரிக்கோவிலிருந்து தபால் அட்டை வரும்.

நான் பாங்கியில் நோட்டு எண்ணுகிறவன். கையில் புரள்வது காகிதம் என்பது வேலைக்குச் சேர்ந்த சில மாதங்களிலேயே மறந்துபோகும். மதிப்பும் கூட்டலும்தான் நிற்கும். பழகி மழுங்கிய பொருளை மறுபடி கண்ணில் படவைப்பதே கலையின் வேலை என்று ஷ்க்லோவ்ஸ்கி 1917-ல் வாதித்தார். அந்த அளவில் ஸேல்ஸ் செய்தது கவிஞனின் காரியம்.

ஆனால் கவிதை பார்வையோடு நின்றுவிடுகிறது. இது கையைப் பைக்குள் அனுப்புகிறது. மேலும், பணம் என்று தெரிந்தவனுக்குத்தான் பச்சைக் காகிதம் வேடிக்கை. குழந்தைக்கு அது காகிதம்தான். எப்போதும் தன் முகத்தில் அடி வாங்கியவர், அன்று தன்னை நம்பியவர்கள் மேல் வீசினார். இதைக் கலகம் என்று கொண்டாடுகிறவர்கள் இந்த இடத்தைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

அரசாங்க ஒலிபரப்புக் கமிஷனுக்குப் புகார் போயிற்று. நிலையம் அவரைத் தற்காலிகமாக விலக்கியது. ரசிகர்களின் எதிர்ப்புக்குப் பிறகு திரும்ப எடுத்துக்கொண்டது. அந்தக் காலத்தில் குழந்தைகள் நிகழ்ச்சி நடத்துகிறவர்களே இடையில் விளம்பரப் பொருளையும் விற்பது சகஜம். அதே நம்பிக்கை, அதே பை. கேட்பது மட்டும் சுற்றி வளைத்து. அப்படி விற்பது பொதுநலனுக்கு ஒவ்வாது என்று கமிஷன் சொன்னது 1974-ல்தான். கேலி செய்தவனை விலக்கி ஒன்பது வருஷம் கழித்து.

ஆனால் குழந்தைகள் அவ்வளவு ஏமாந்தவர்கள் அல்ல. வந்த தபாலில் பெரும்பாலும் விளையாட்டு நோட்டுகளே இருந்தன என்று ஸேல்ஸ் பின்னாளில் சொல்லியிருக்கிறார். பணம் என்ற சொல்லை அவர் உச்சரிக்கவில்லை. அவர்களும் படம் போட்ட காகிதத்தை அனுப்பிவைத்தார்கள். அந்த ஹாஸ்யத்துக்கு இதைவிடச் சரியான வாசிப்பை நான் பார்த்ததில்லை.