நகரத்தைப் பார்ப்பவர் யார்? சிங்கப்பூர்த் தமிழ் எழுத்தை வாசிக்க ஒரு கேள்வி

"இக்கதையில் நகரம் எவ்வாறு சித்திரிக்கப்பட்டுள்ளது?" என்று தொடக்கக் கல்லூரி மாணவர்களிடம் கேட்டுப் பாருங்கள். பெரும்பாலான விடைகள் ஒரே அச்சில் வரும். தேக்கா, மல்லிகை வாசம், வாழையிலைச் சாப்பாடு, வானுயர்ந்த கட்டடங்கள், ஓடிக்கொண்டே இருக்கும் மக்கள். கடைசியில் "ஆசிரியர் நகரத்தைத் தத்ரூபமாகக் கண்முன் நிறுத்தியுள்ளார்" என்று ஒரு முத்திரை. இதில் தவறு எதுவும் இல்லை. ஆனால் திறனாய்வும் இல்லை. சுற்றுலாக் கையேடும் இதைத்தானே செய்கிறது?

நகரத்தில் என்ன இருக்கிறது என்று பட்டியல் போடுவதற்கு முன்னால் வேறொன்றைக் கேட்கச் சொல்கிறேன். இந்த நகரத்தைப் பார்ப்பவர் யார்? அவருக்கு இதனிடமிருந்து என்ன வேண்டும்? அதற்காக அவர் எதைக் கொடுத்தார்?

புதிய கேள்வி இல்லை இது. பட்டினப்பாலையிலேயே இருக்கிறது. கடியலூர் உருத்திரங்கண்ணனார் 301 அடிகளில் பாடியதில் பெரும்பகுதி காவிரிப்பூம்பட்டினம்தான். கடல்வழி வந்த குதிரைகள், மிளகு மூட்டைகள், புலி முத்திரை குத்திச் சரக்கைக் காக்கும் சுங்க அதிகாரிகள், ஈழத்திலிருந்தும் காழகத்திலிருந்தும் வந்த பொருள்கள். (காழகம் என்பதற்குக் கடாரம் என்று உரை சொல்கிறார் நச்சினார்க்கினியர். அதாவது நமக்குப் பக்கத்து ஊர்!) இந்த வருணனையைத்தான் மாணவர்கள் மனப்பாடம் செய்கிறார்கள். ஆனால் இத்தனையும் எதற்காகச் சொல்லப்படுகிறது? பொருள் தேடப் போகலாமா என்று தவிக்கும் ஒருவன் தன் நெஞ்சிடம், "இப்பேர்ப்பட்ட பட்டினமே கிடைத்தாலும் இவளைப் பிரிந்து வரமாட்டேன்" என்கிறான். நகரம் அங்கே ஒரு விலை. வருணனை எவ்வளவு நீள்கிறதோ அவ்வளவு அவன் மறுப்புக்குக் கனம் கூடுகிறது. அதனால்தான் நகரப் பாட்டுக்குப் 'பாலை' என்று பெயர்.

புதுமைப்பித்தன் இன்னும் ஒரு படி மேலே போகிறார். 'கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்' கதையின் தொடக்கத்தை எடுத்துப் பாருங்க. சென்னையில் பிராட்வேயும் எஸ்பிளனேடும் சேரும் முனையில் கந்தசாமிப் பிள்ளை நின்று கணக்குப் போடுகிறார். டிராமா, பஸ்ஸா? வெற்றிலையா, அரை கப் காப்பியா? கட்டடத்துக்கு அடைமொழி தேடாமல், ஒருவர் காலணாவுக்குக் கணக்குப் பார்ப்பதிலேயே மாநகரம் முழுதாக வந்துவிடுகிறது. 'தத்ரூபம்' என்று எழுதுவதற்கு முன் இந்தப் பத்தியை ஒரு முறை வகுப்பில் படித்துக் காட்டுங்கள்.

இப்போது நம் ஊருக்கு வருவோம். 1887-ல் யாழ்ப்பாணத்து வண்ணை நகரைச் சேர்ந்த சதாசிவ பண்டிதரின் 'சிங்கை நகர் அந்தாதி' இங்கே அச்சாகிறது. சிங்கையில் கோயில் கொண்ட முருகனைப் பாடும் நூல். வண்ணைக்கும் ஓர் அந்தாதி, சிங்கைக்கும் ஓர் அந்தாதி. புலம்பெயர்ந்த ஊரைச் சொந்தமாக்கிக்கொள்ள அவருக்குத் தெரிந்த வழி, அதையும் பாடல் பெற்ற தலமாக்குவது. நகரத்தின் சந்தடி அதில் இல்லையே என்று குறை சொல்லத் தேவையில்லை, அவருக்கு வேண்டியது அதுவல்ல.

ஆறே ஆண்டுகளில் தொனி அடியோடு மாறிவிடுகிறது. 1893-ல் வந்த ரெங்கசாமி தாசனின் 'குதிரைப் பந்தய லாவணி' பந்தயம் பார்க்கப் போகும் பாட்டு. போகிற வழியில் ஊர் வருகிறது. பந்தயத் திடல் அன்று இன்றைய ஃபேரர் பார்க்கில் இருந்தது. 1933-ல் அது புக்கிட் தீமாவுக்கு இடம் மாறிவிட்டாலும் 'ரேஸ் கோர்ஸ் ரோடு' என்ற பெயர் மட்டும் தங்கிவிட்டது. வேடிக்கை பார்க்கும் கண்ணுக்குத் தெரியும் நகரம் இது, கூலிக்கு வந்தவரின் கண்ணுக்கு இது இப்படித் தெரிந்திருக்காது. அந்த வேறுபாட்டை மாணவர் ஒரு வரியில் எழுதினால் போதும், விடை வேறு தரத்துக்குப் போய்விடும்.

அடுத்து நான் நிற்க விரும்பும் இடம் பலருக்கு வியப்பாக இருக்கலாம். பி. கிருஷ்ணன், அதாவது புதுமைதாசன், வானொலிக்கு எழுதிய 'அடுக்கு வீட்டு அண்ணாசாமி'. நகைச்சுவைத் தொடர் என்பதால் நாம் அதை இலேசாக எடுத்துக்கொள்கிறோம். என்னைக் கேட்டால், கண்ணீர் வடிக்கும் பல கதைகளைவிட முக்கியமான நகரப் பனுவல் அது. தலைப்பை மட்டும் பாருங்கள். மாங்குடி மருதனார், கடியலூர் உருத்திரங்கண்ணனார் என்று ஊர்ப்பெயரை முன்னால் வைத்து ஆளைச் சொல்வது நம் பழைய வழக்கம். அந்த இடத்தில் 'அடுக்கு வீடு' வந்து உட்கார்ந்துவிட்டது! வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் அமைந்தது 1960-ல். பத்தாண்டு ஆவதற்குள் ஒரு தமிழ்க் கதாபாத்திரத்துக்கு அதுவே ஊராகிவிட்டது. கேட்டவர்களில் எத்தனையோ பேர் கம்பத்து வீட்டைவிட்டு அதே மாதிரி வீட்டுக்குக் குடிவந்தவர்கள்.

அங்கிருந்து 1989-க்குத் தாவுகிறேன், காரணம் இருக்கிறது. அந்த ஆண்டில்தான் வீவக வீடுகளுக்கு இன ஒருங்கிணைப்புக் கொள்கை வந்தது. ஒரு புளோக்கில் ஓர் இனத்தார் இத்தனை விழுக்காடுதான் இருக்கலாம் என்ற வரம்பு. அதே ஆண்டில் லிட்டில் இந்தியா பாதுகாக்கப்படும் வட்டாரமாக அறிவிக்கப்பட்டது. கொள்கை சரியா தவறா என்பது நம் பாடம் இல்லை. இலக்கியத்துக்கு இதனால் என்ன நேர்ந்தது என்பதுதான். தமிழர் வசிப்பது தீவெங்கும் சிதறிய புளோக்குகளில். தேக்கா 'போய்வரும்' இடம்.

ஆனால் நம் கதைகள் பல இன்னும் தேக்காவிலேயே நிற்கின்றன. உட்லண்ட்சிலும் பொங்கோலிலும் குடியிருக்கும் எழுத்தாளர், 'தமிழ்' என்றதும் பேனாவைத் தூக்கிக்கொண்டு சிராங்கூன் ரோட்டுக்கு ரயில் ஏறுகிறார். பூக்கடையும் மசாலா வாசமும் கதையில் வந்துவிடுகின்றன. மின்தூக்கியில் பக்கத்து வீட்டுச் சீன மூதாட்டியோடு நிற்கும் அந்த அரை நிமிடம் வருவதில்லை. இதைப் படிக்கும் பதினேழு வயதுப் பிள்ளைக்கு என்ன தோன்றும்? தமிழ் என்பது ஞாயிற்றுக்கிழமை போய்ப் பார்த்துவிட்டு வரும் ஒரு தெரு என்றுதான். எனக்குக் கவலை அங்கேதான்.

ஞாயிற்றுக்கிழமைத் தேக்காவுக்கு வேறொரு சொந்தக்காரர் உண்டு, அவரை மறந்துவிடக் கூடாது. கட்டுமானத் தளத்திலிருந்தும் கப்பல் பட்டறையிலிருந்தும் வரும் தமிழ்நாட்டு ஊழியர். ஊருக்குப் பணம் அனுப்பவும், சாமான் வாங்கவும், ஊர்க்காரரைப் பார்த்துப் பேசவும் வருகிறார். அவர் வாசம் பிடிக்க வரவில்லை. பட்டினப்பாலைத் தலைவன் போகமாட்டேன் என்றான், இவர் போய்விட்டவர். பாட்டு முடிந்த இடத்தில் இவர் கதை தொடங்குகிறது. 2013 டிசம்பர் 8 இரவு, ரேஸ் கோர்ஸ் ரோடும் ஹேம்ஷயர் ரோடும் சேரும் இடத்தில் பேருந்து மோதி ஓர் ஊழியர் இறந்ததையடுத்துக் கலவரம் மூண்டது. லாவணி உல்லாசமாகப் பாடிய பந்தயத் திடலின் பெயரைத் தாங்கிய அதே சாலை. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒரு வகுப்பு நடத்தலாம்.

மறு ஆண்டு, 2014-ல், வெளிநாட்டு ஊழியர் கவிதைப் போட்டி வங்காள மொழியில் தொடங்கியது. பிறகு தமிழும் சேர்ந்தது. இந்த ஊழியர் கவிதைகள் எல்லாமே தேர்ந்த கவிதைகள் என்று சொல்லமாட்டேன். வழக்கமான உவமைகள் நிறைய. ஆனால் 'இந்த நகரத்துக்காக நீ எதைக் கொடுத்தாய்?' என்ற கேள்விக்கு அவற்றில் பதில் தேடி அலைய வேண்டியதில்லை. நன்றாக எழுதத் தெரிந்த நம் உள்ளூர்க் கதைகள் பலவற்றில் அந்தப் பதிலைத்தான் காணோம்.

தேர்வு எழுதுபவர்களுக்கு ஒரு வார்த்தை. பனுவலில் இடப்பெயர் வந்தால் அடிக்கோடு போடுங்கள், சரி. கூடவே அந்த இடத்தில் பாத்திரம் என்ன செய்கிறது என்பதற்கும் கோடு போடுங்கள். நிற்கிறதா, வேடிக்கை பார்க்கிறதா, காசை எண்ணுகிறதா, யாருக்காவது காத்திருக்கிறதா? வினைச்சொல்தான் பார்ப்பவரைக் காட்டிக்கொடுக்கும். பெயரடைகளை நம்பாதீர்கள்.

ஆசிரியர்களுக்குச் சொல்ல எனக்குத் தகுதி உண்டா என்று தெரியவில்லை. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் பொங்கலைப் பற்றி ஒரு மாணவி கட்டுரை எழுதியிருந்தாள். பாட்டி தேக்காவில் இரண்டு கரும்பு வாங்கி எம்ஆர்டியில் கொண்டுவருகிறார். பழைய புளோக் என்பதால் லிஃப்ட் எல்லா மாடியிலும் நிற்காது. ஒன்பதாம் மாடியில் இறங்கி, கரும்பைப் படிக்கட்டில் திருப்பித் திருப்பி, எதிர்வீட்டு மலாய்க்காரப் பையன் ஒரு முனையைப் பிடித்துக்கொள்ள, இரண்டு மாடி கீழே இறங்கி ஏழாம் மாடிக்கு வந்து சேர்கிறார். பொங்கலின் சிறப்பைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. நான் 'புளோக்', 'லிஃப்ட்' இரண்டையும் சிவப்பு மையில் வட்டமிட்டு, 'தலைப்பை ஒட்டி எழுதவும்' என்று ஓரத்தில் குறித்துக் கொடுத்தேன்.