நிலக்கிளியும் நிலத்து மக்களும்

அ. பாலமனோகரனின் ‘நிலக்கிளி’ 1973ஆம் ஆண்டு வீரகேசரிப் பிரசுரமாக வெளிவந்தது. முல்லைத்தீவுப் பகுதியைச் சேர்ந்த ஆசிரியர், அங்குள்ள தண்ணிமுறிப்பையே கதைக்களமாகக் கொண்டார்.

வன்னிக் காட்டின் எழிலுக்காக இந்நாவலைப் போற்றுவோர் உளர். ஆயின், இதிலே காடு வெறுங் காட்சிப்பொருளன்று, உழைப்பின் களம். தந்தையின் எதிர்ப்பை மீறிப் பதஞ்சலியை மணக்கும் கதிராமன், காடு வெட்டி நிலந் திருத்தியே வாழ்வை அமைக்கின்றான். அவர்தம் காதலும் மண்ணின் பேச்சும் அவ்வுழைப்பிலேதான் வேர்கொள்கின்றன.

குறையும் உண்டு. தனிமனித மனப் போராட்டத்தைக் கூர்ந்து நோக்கிய ஆசிரியர், நிலம் யாருக்குரியது என்ற வினாவை ஆழமாக எழுப்பவில்லை. வரலாறு அதனை எழுப்பிற்று. 1984இல் தண்ணிமுறிப்பு மக்கள் இராணுவத்தால் வெளியேற்றப்பட்டனர். கற்பனையாகப் பிறந்த நாவல் ஓர் ஊரின் சாட்சியமாயிற்று.

மன்னாரிற் கற்பிக்கும் நாம் இதனை உணர்தல் வேண்டும். பேசாலைக் கடற்றொழிலாளரின் சொற்களும், கட்டுக்கரைக் குளத்து நீரால் விளைவிக்கும் உழவரின் சொற்களும், 1990இல் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம் மக்களின் நினைவுகளும் நம் மாணவரின் ஏடுகளில் ஏறட்டும். ஊர் அழிந்தபின் தேடிக் கிடைப்பவையல்ல அவை.