செய்திப்படத்தின் ஓரத்தில்

பேசாப் படக் காலத்துச் செய்திப்படங்களைக் காணுந்தோறும் நமக்கு ஓர் ஐயம் எழுவதுண்டு: இவற்றுள் எது செய்தி, எது வேடம்?

1916ஆம் ஆண்டு ஆகஸ்டில் இலண்டனில் வெளிவந்த ‘சோம் போர்’ என்னும் படத்தை எடுத்துக்கொள்வோம். ஜெஃப்ரி மேலின்ஸ், ஜே. பி. மெக்டவல் என்னும் இருவர் பிரான்சுப் போர்முனையில் முக்காலியை நிறுத்திக் காமிராவின் கைப்பிடியைச் சுழற்றி எடுத்தது அது. ஆறே வாரங்களில் பிரிட்டனில் ஏறத்தாழ 2 கோடிப் பேர் அதனைக் கண்டனர் என்பர். வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாய்வதும், சிலர் குண்டுபட்டுச் சரிவதும் அவர்களை உலுக்கின. ஆனால் அக்காட்சி போர்முனைக்குப் பின்னால் நடிக்கவைத்து எடுக்கப்பட்டது என்பதே ஆய்வாளர் முடிபு. ஜூலை 1ஆம் நாளில் மட்டும் 19,000க்கு மேற்பட்ட பிரிட்டிஷ் வீரர் மாண்டனர்; அக்களத்தின் படத்தில் வீழும் கணம் மட்டும் நடிப்பாயிற்று.

இதனாலேயே படம் முழுவதும் பொய் என்பாருடன் நாம் உடன்படோம். அன்று காலை 7.20க்கு ஹாதார்ன் மேட்டில் வெடித்த சுரங்கம் மெய். காயமுற்ற தோழனைத் தோளில் சுமந்து வருபவன் மெய். இவற்றினும் நம்மைப் பிணிப்பது வேறொன்று. முனைக்கு அணிவகுத்துச் செல்வோர் காமிராவைக் கண்டதும் திரும்பிப் பார்க்கின்றனர். சிலர் சிரித்துத் தலைக்கவசத்தை உயர்த்தி ஆட்டுகின்றனர். அந்த முகங்களை எவரும் பயிற்றுவிக்கவில்லை. கோப்புகளோடு உழலும் நாம் அறிவோம்: தட்டச்சிட்ட வரைவு மறைப்பதை, ஓரத்துப் பென்சில் குறிப்பு சொல்லிவிடும்.

இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரில் மிட்செல், கென்யன் என்னும் இருவர் இருந்தனர். தென்னாப்பிரிக்காவில் போயர் போர் நடந்தபோது, அவர்கள் தம் ஊர்ப்புறத்திலேயே ஆட்களுக்குச் சீருடை அணிவித்து ‘போர்’ எடுத்து விற்றனர். அவர்களே ஆலை வாயில்களில் நின்று, வேலை முடிந்து வெளிவரும் தொழிலாளரையும் எடுத்தனர். மாலையில் திரையில் தம்மைத் தாமே காணக் காசு கொடுத்து வருவார்கள் என்பதே கணக்கு. வெறும் வணிகம்! அச்சுருள்கள் ஏறத்தாழ 800, ஒரு கடையின் நிலவறையில் உலோகப் பீப்பாய்களில் கிடந்து, 1994இல் அகப்பட்டன. இன்று அவர்களுடைய போர்க்காட்சி நகைப்பையே தருகிறது. ஆலை வாயிலோ கண்ணை அகலவிடுவதில்லை: சால்வை போர்த்த பெண்கள், மரக்கட்டைச் செருப்புகள், முகத்தை மறைத்துக்கொண்டு விலகும் ஒருத்தி.

சிறுவர்கள்தாம் காமிரா முன் மீண்டும் மீண்டும் ஓடிவந்து குதிக்கின்றனர். 1901இல் அங்கே குதித்த 10 வயதுச் சிறுவனுக்கு, 1916இல் 25 வயது.