எழுந்து நிற்பதற்காகக் காத்திருக்க வேண்டாம்

தமிழ்ப் படத்தில் சக்கர நாற்காலியில் ஓர் அண்ணன் உட்கார்ந்திருந்தால் அவருக்குக் கட்டாயம் ஒரு தங்கை இருப்பாள். வில்லன் அவள் கையைப் பிடித்து இழுக்கும்போது கேமரா நேராக அண்ணனின் கால் கட்டைவிரலுக்குப் போகும். விரல் அசையும். வயலின்கள் அலறும். அடுத்த நிமிடம் நாற்காலி ஒரு பக்கம் கவிழ்ந்து கிடக்க, அண்ணன் நான்கு பேரைத் தூக்கி எறிந்துகொண்டிருப்பார். முதுகுத்தண்டு அடிபட்டவர்களைத் திரையில் பார்க்க நமக்குக் கற்றுக்கொடுத்த வாத்தியார் இந்தக் கட்டைவிரல்தான். அதனால் எந்த ஊர்ப் படமானாலும் நாற்காலியைக் கண்டவுடன் மனசு ஒரே கேள்வியைப் பிடித்துக்கொள்கிறது: இவர் எப்போது எழுந்து நிற்பார்?

அந்தக் கேள்வியைச் செருப்போடு வாசலில் விட்டுவிட்டு உள்ளே வந்தால் இந்த வகைப் படங்களில் ரசிக்க எவ்வளவோ இருக்கிறது. பழகிக்கொள்ள ஆஸ்திரேலியா தொடர்பான மூன்று படங்களைச் சொல்வேன். ஒன்று சிட்னியில் எடுத்தது, ஒன்று மெல்பர்னில் எடுத்தது, இன்னொன்று ஆஸ்திரேலிய நர்ஸ் ஒருவரைப் பற்றி ஹாலிவுட்காரர்கள் எடுத்தது. முடிவுகளைச் சொல்லாமல் இவற்றைப் பற்றிப் பேச முடியாது. முடிவு தெரிந்தால் படம் கெட்டுப்போகும் என்பவர்கள் பார்த்துவிட்டு வந்து படிக்கலாம்.

சிட்னிப் படம் 'பெங்குவின் ப்ளூம்'. கிளெண்டின் ஐவின் இயக்கியது; 2021 ஜனவரியில் ஆஸ்திரேலியத் தியேட்டர்களுக்கு வந்தது. உண்மைக் கதை. சாம் ப்ளூம் ஒரு நர்ஸ், மூன்று பையன்களுக்கு அம்மா, கடலில் கிடந்து அலைச்சறுக்கு விளையாடியவர். 2013இல் குடும்பத்தோடு தாய்லாந்து போயிருந்தபோது மொட்டைமாடியின் கைப்பிடிக் கம்பி உடைந்து கீழே விழுந்தார். மார்புக்குக் கீழே உணர்வும் அசைவும் போய்விட்டன. சிட்னியின் வடக்குக் கடற்கரையில், நியூபோர்ட்டில் உள்ள வீட்டுக்குத் திரும்பினார். கூட்டிலிருந்து விழுந்த மேக்பைக் குஞ்சு ஒன்றைப் பையன்கள் எடுத்து வளர்த்தார்கள். கறுப்பும் வெள்ளையுமாக இருந்ததால் அதற்குப் பெங்குவின் என்று பெயர் வைத்தார்கள். சாமாக நடித்தவர் நவோமி வாட்ஸ். படம்பிடித்தது ப்ளூம் குடும்பத்தின் அதே வீட்டில்.

முதலில் அந்த வீட்டைப் பாருங்கள். கால்கள் இயங்கியபோது ஓடியாடிப் புழங்கிய வீடு இது. அதே அடுப்படி மேடை, அதே கதவு, அதே கட்டில். ஆனால் எல்லாவற்றின் உயரமும் இப்போது மாறிப்போய்விட்டது. செட் போட்டிருந்தால் வசதிக்கு ஏற்றபடி சுவரை நகர்த்தியிருப்பார்கள். இங்கே நகராது. கேமரா எந்த உயரத்திலிருந்து பார்க்கிறது என்பதையும் ஒவ்வொரு காட்சியிலும் கவனியுங்கள். நிற்கிறவரின் கண் உயரத்தில் இருக்கும்போது சாம் பரிதாபத்துக்குரியவராகத் தெரிவார். உட்கார்ந்திருப்பவரின் கண் உயரத்துக்கு இறங்கும்போது சுற்றியிருப்பவர்கள்தான் தேவையில்லாமல் நெட்டையாகத் தெரிவார்கள்.

அடுத்து, நடிகையின் கைகள். மார்புக்குக் கீழே தசைகள் வேலை செய்யாதவருக்கு உட்கார்ந்திருப்பதே ஒரு வேலை. வயிற்றுத் தசையும் முதுகுத் தசையும் பிடித்துக்கொள்ளாததால், இரண்டு கையையும் ஒரே நேரத்தில் முன்னால் நீட்டினால் உடம்பு சாய்ந்துவிடும். அதனால் ஒரு கை எப்போதும் எதையாவது பற்றியிருக்கும்: சக்கரத்தை, கட்டில் விளிம்பை, மேசையை. கட்டிலிலிருந்து நாற்காலிக்கு மாறும்போது கைகளால் உடம்பைத் தூக்கிவைத்து, பிறகு கால்களைப் பிறத்தியார் சாமானை எடுத்து வைப்பதுபோல் ஒவ்வொன்றாக எடுத்துவைக்க வேண்டும். எந்தப் படத்திலும் நடிப்பை எடைபோட இது போதும். நடிகர் வசனம் பேசும் மும்முரத்தில் இரண்டு கையையும் வீசிக்கொண்டிருந்தால் அவர் இடுப்புக்கு மேலே மட்டும் நடிக்கிறார் என்று அர்த்தம்.

இந்தப் படத்தில் எனக்கு மிகவும் பிடித்த காட்சியில் பறவையே கிடையாது. இரவில் ஒரு பையனுக்கு உடம்புக்கு முடியவில்லை. முன்பு அம்மா எழுந்து ஓடியிருப்பாள். இப்போது படுத்த படுக்கையாகக் கேட்டுக்கொண்டு கிடக்கிறாள், அப்பா போகிறார். காயம் என்ன பறித்துக்கொண்டது என்பதை இதைவிடத் தெளிவாக எந்த எக்ஸ்ரேயும் காட்டாது. இதற்குப் பக்கத்தில் வைத்தால், குஞ்சு பறக்கக் கற்கும்போது அம்மாவும் வாழக் கற்கிறாள் என்று படம் போடும் முடிச்சு கொஞ்சம் தித்திப்பு அதிகம். பறவை அழகாக இருக்கிறது, மறுக்கவில்லை.

படம் காட்டாமல் விட்டவற்றையும் பார்க்கத் தெரிய வேண்டும். சிறுநீர்க் குழாய், மலம் கழிக்க ஒதுக்கும் நேரம், தோல் புண்ணாகாமலிருக்க அடிக்கடி உடம்பை உயர்த்தியோ சாய்த்தோ அழுத்தத்தை மாற்றுவது, சொல்லாமல் கொள்ளாமல் கால்கள் துள்ளுவது, உணர்வில்லாத இடத்திலும் எரியும் நரம்பு வலி. முதுகுத்தண்டு அடிபட்டவர்களின் நாள் இவற்றால்தான் நிரம்பியிருக்கிறது. குடும்பத்தோடு பார்க்கும் படம் என்பதால் இவற்றில் பெரும்பகுதி கதவுக்குப் பின்னால் போய்விட்டது. மருத்துவமனையில் கழிந்த மாதங்களும் சட்டென்று தாண்டப்படுகின்றன. நம் 'தோழா' (2016) படத்துக்கு மூலமான பிரெஞ்சுப் படம் 'தி இன்டச்சபிள்ஸ்' (2011) இந்த விஷயத்தில் கொஞ்சம் துணிச்சலானது. கழுத்துக்குக் கீழே உணர்வில்லாத முதலாளியின் காலில் வேலைக்காரன் சுடுதண்ணீரை ஊற்றிப் பார்க்கிற இடத்தில் நாம் சிரித்துவிட்டு, சிரித்ததற்காகக் கூசுகிறோம். 

'பெங்குவின் ப்ளூம்' சாமை எழுப்பி நிறுத்தவில்லை என்பதற்காகவே நூறு குறையை மன்னிக்கலாம். அவர் கயாக் படகில் ஏறுகிறார். அந்தக் காட்சிகளை இனி வேறு கண்ணோடு பார்ப்பீர்கள் என்று நினைக்கிறேன்: துடுப்பு போட இரண்டு கையும் வேண்டும், உடம்பைத் தாங்க ஒரு கையும் மிஞ்சாது, படகோ ஆடிக்கொண்டே இருக்கும். நிஜ சாம் ப்ளூம் 2015இல் இத்தாலியின் மிலான் நகரில் நடந்த உலகப் போட்டியில் ஆஸ்திரேலியாவுக்காகத் துடுப்பு போட்டார். 2018இல் மாற்றுத்திறனாளிகளுக்கான உலக அலைச்சறுக்குப் போட்டியில் பலகையில் குப்புறப் படுத்தபடி தங்கம் வாங்கினார்.

இனி கைவைத்தியம். கையால் தொட்டுச் செய்யும் சிகிச்சையைக் கதையின் நடுவில் வைத்த படங்கள் மிகக் குறைவு. அதில் பழசும் விசேஷமானதும் 1946இல் ஆர்.கே.ஓ. நிறுவனம் தயாரித்த 'சிஸ்டர் கென்னி'. எலிசபெத் கென்னி 1880இல் நியூ சவுத் வேல்ஸின் வாரியால்டாவில் பிறந்தவர். முறையான நர்ஸ் படிப்பு கிடையாது; சிஸ்டர் பட்டம் முதல் உலகப் போரில் ராணுவ நர்ஸாக இருந்தபோது வந்தது. குவீன்ஸ்லாந்துப் பட்டிக்காடுகளில் போலியோ வந்த குழந்தைகளுக்கு வைத்தியம் பார்த்தார். போலியோக் கிருமி முதுகுத்தண்டுக்குள் இருக்கும் நரம்புச் செல்களைத்தான் தாக்குகிறது என்பதால் இதுவும் முதுகுத்தண்டின் கதைதான்.

அந்தக் காலத்து டாக்டர்கள் கால் கோணிப்போகாமலிருக்கக் குழந்தையைச் சட்டத்திலும் மாவுக்கட்டிலும் அசையாமல் கட்டிவைத்தார்கள். கென்னி கட்டை அவிழ்த்தார். கம்பளியைக் கிழித்து, கொதிநீரில் முக்கி, ஒரு சொட்டும் இல்லாமல் பிழிந்து, இழுத்துப் பிடித்திருக்கும் தசையில் சுற்றினார். இறுக்கம் தளர்ந்ததும் கால்களைக் கையால் அசைத்து, இந்தத் தசையை நினைத்துக்கொள் என்று குழந்தைக்குச் சொல்லிக்கொடுத்தார். படத்தில் இந்த இடங்கள் வரும்போது ரோசலிண்ட் ரஸ்ஸலின் முகத்தை விட்டுவிட்டுக் கைகளைப் பாருங்கள். துணியைப் பிழிகிற கை வேறு, காலைத் தாங்குகிற கை வேறு. நல்ல கைவைத்தியர் உடம்பை முதலில் கேட்கிறார், பிறகுதான் ஏதாவது செய்கிறார். நம் ஊரில் சுளுக்கு வழிக்கத் தெரிந்த பாட்டிமார் முதலில் எண்ணெய் தடவிச் சும்மா நீவிக்கொண்டிருப்பதும் இதற்காகத்தான். ரஸ்ஸலுக்கு இந்த நடிப்புக்காக ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

ஆனால் படத்தை முழுக்க நம்பிவிடவும் கூடாது. கென்னி எழுதிய தன்வரலாற்றை வைத்து எடுத்தது. அந்தப் புத்தகத்தின் தலைப்பே அவர்கள் நடப்பார்கள் என்றுதான் வாக்குக் கொடுக்கிறது. கட்டைவிரலின் ஆங்கிலப் பதிப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். போலியோ வந்த குழந்தைகளில் கணிசமானோர் தாமாகவே ஓரளவு தேறினார்கள். படமோ எல்லாப் புண்ணியத்தையும் கைகளுக்கே எழுதிவிடுகிறது. டாக்டர்களில் பெரும்பாலோர் கல்நெஞ்சர்களாக வருகிறார்கள். குவீன்ஸ்லாந்து அரசு அமைத்த விசாரணைக் குழு 1938இல் கென்னியின் முறையைக் கடுமையாக நிராகரித்தது உண்மை. நோய் எப்படி வேலை செய்கிறது என்று அவர் சொன்ன விளக்கம் தவறாக இருந்ததும் உண்மை. விளக்கம் தப்பு, வைத்தியம் சரி. இந்தச் சங்கடமான கலவைதான் கதையின் ருசி; திரைக்கதை அதைத் துப்பிவிட்டு ஒரு காதலனைக் கற்பனையாகச் சேர்த்துக்கொண்டது. 1940இல் அமெரிக்கா போன கென்னியின் முறை அங்கே பரவியது. ஏழு வயதில் போலியோ வந்து அந்தச் சூட்டுத் துணிகளைத் தாங்கிய சிறுவன் ஒருவன் பின்னாளில் நடிகர் ஆலன் ஆல்டா ஆனார்.

மெல்பர்ன் படத்துக்கு வருவோம். 'அப்கிரேட்' (2018), அந்த ஊரிலேயே பிறந்த லீ வானெல் இயக்கியது. கார் மெக்கானிக் ஒருவனின் மனைவியைக் கொன்று அவனையும் கழுத்துக்குக் கீழே முடமாக்கிவிடுகிறார்கள். ஒரு பணக்கார விஞ்ஞானி அவன் முதுகுத்தண்டில் சின்ன சில்லு ஒன்றைப் பொருத்துகிறான். அவன் எழுந்து நிற்கிறான்! நாம் ஏங்கிய காட்சி வந்தேவிட்டது. ஆனால் நிற்பது அவனில்லை, சில்லு. லோகன் மார்ஷல் கிரீனின் உடம்பு விறைப்பாக, அளந்துவைத்ததுபோல் சண்டை போடுகிறது. முகமோ தன் கைகால் செய்வதைப் பார்த்துத் திகைத்துக்கொண்டிருக்கிறது. கேமராவும் அவன் உடம்போடு கட்டிப்போட்டதுபோல் சாய்ந்து நிமிர்கிறது. அசைவு திரும்பிவிட்டது, உடம்பு திரும்பவில்லை. கடைசியில் சில்லு அவனையே விழுங்கிவிடுகிறது. சிட்னிப் படம் எழுந்து நிற்பதைத் தர மறுத்தது. மெல்பர்ன் படம் தந்துவிட்டு, கேட்டாயே, அனுபவி என்கிறது.

சாதாரண முதுகுவலியைப் பற்றி ஏன் நல்ல படம் இல்லை என்று கேட்கலாம். 2020இல் உலகத்தில் 61 கோடியே 90 லட்சம் பேருக்கு இடுப்பு முதுகு வலி இருந்தது என்கிறது சிட்னிப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தலைமையில் வந்த ஒரு கணக்கு. இத்தனை பேருக்கு இருக்கும் வலி திரையில் நகைச்சுவை நடிகர் குனிந்தவர் நிமிராமல் போகும் இடத்தில் மட்டும்தான் தலைகாட்டுகிறது. காரணம் எளிது. பெரும்பாலான முதுகுவலிக்கு இதுதான் காரணம் என்று ஸ்கேனில் காட்ட ஒன்றும் இருக்காது, கேமராவுக்கும் அப்படித்தான். அதனால் சினிமா அவசரப்பட்டு நெட்டி முறிக்கிறது. ஒருவர் பின்னாலிருந்து கட்டித் தூக்குவார், படக்கென்று சத்தம், வலி போச்சு. அந்தச் சத்தத்தை ஒலிப்பதிவுக்காரர்கள் பெரும்பாலும் செலரித் தண்டை உடைத்து எடுக்கிறார்கள். 'தி டார்க் நைட் ரைசஸ்' (2012) படத்தில் பாதாளச் சிறையில் ஒருவர் பேட்மேனின் பிதுங்கிய முதுகெலும்பைக் குத்தியே உள்ளே தள்ளி, கயிற்றில் தொங்கவிட்டுக் குணப்படுத்துவார். கட்டைவிரல் அண்ணனுக்கு அவர் ஒன்றுவிட்ட சகோதரர்.

நிஜத்தில் வைத்தியம் இப்படிப் படக்கென்று நடப்பதில்லை. சிட்னியின் மக்குவாரி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2024இல் வெளியிட்ட பரிசோதனையில், முதுகுவலி வந்து தேறிய 701 பேரில் ஒரு பகுதியினரைப் பிசியோவின் வழிகாட்டலோடு நடக்கவைத்தார்கள். மெல்ல மெல்லக் கூட்டி வாரத்துக்கு ஐந்து நாள், அரை மணி நேரம் என்பது இலக்கு. நடந்தவர்களுக்கு வலி திரும்ப நடுமதிப்பாக 208 நாள் ஆனது, மற்றவர்களுக்கு 112. சிட்னியில் எங்கள் டூங்காபிப் பக்கத்து யாழ்ப்பாணத்து மாமிமாருக்கு இதில் திருப்தி கிடையாது. பிசியோவைப் பார்த்துவிட்டு வந்து, "காசும் வாங்கிப்போட்டுக் கையே வைக்கேல்லை அவ, நடக்கச் சொல்லி விட்டிட்டா" என்பார்கள். இயக்குநர்களுக்கும் திருப்தி கிடையாது. ஆறு மாதம் ஒருவர் தெருவில் நடப்பதை யார் எடுப்பார்கள்?

எனவே இந்தப் படங்களில் நேரம் எங்கே விழுங்கப்படுகிறது என்பதைக் கண்டுபிடிப்பதுதான் ரசிகருக்கு நல்ல விளையாட்டு. படுக்கையிலிருக்கும் காலையும் படி ஏறும் காலையும் ஒரே வெட்டு இணைக்கிறதென்றால், நடுவில் எத்தனை மாதம், எத்தனை பேர் கை, எத்தனை அழுகை என்று நீங்களே நிரப்பிப் பாருங்கள். அந்த மாதங்களில் ஒரு பத்து நிமிடத்தையாவது வெட்டாமல் விட்ட இயக்குநருக்கு மதிப்பெண் போடுங்கள்.

பார்க்கும் வரிசையையும் சொல்லிவிடுகிறேன். பிள்ளைகளோடு 'பெங்குவின் ப்ளூம்'. பிசியோதெரபி படிக்கும் பிள்ளை வீட்டில் இருந்தால் அவரை வைத்துக்கொண்டு 'சிஸ்டர் கென்னி'. கென்னி தசைகளைப் பற்றிப் பேசும் இடங்களில் படத்தை நிறுத்தி எது சரி, எது தப்பு என்று கேட்கலாம், சண்டை உத்தரவாதம். 'அப்கிரேட்' பெரியவர்களுக்கு மட்டும், சாப்பாட்டுக்கு முன்னால் வேண்டாம். சமையலறையில் நடக்கும் அந்த முதல் சண்டைக்குப் பிறகு கொஞ்ச நேரம் கத்தியைத் தொட மனசு வராது.